ஸ்கேலைக் குறைத்தால் மானம் போய்விடுமா?

கேள்வி:

வணக்கம் டாக்டர் அம்மா. எனக்கு வயது 57. பத்தொன்பது வயதில் மெல்லிசைக் குழுவில் பாட வந்தேன். கோயில் திருவிழா, கல்யாண வரவேற்பு, கட்சிக் கூட்டம் என்று எல்லா மேடையும் பார்த்தாயிற்று. எங்கள் பக்கத்தில் கிளப் பாட்டு என்றால் என் பெயரைத்தான் சொல்வார்கள். ஈஸ்வரியம்மா பாட்டெல்லாம் ஒரிஜினல் ஸ்கேலிலேயே பாடுவேன். இரண்டு வருஷமாக மேலே போகும்போது குரல் உடைகிறது. கச்சேரிக்கு மறுநாள் பேசினால் வெறும் காற்றுதான் வருகிறது. பனங்கற்கண்டு, மிளகு, சித்தரத்தை எல்லாம் பார்த்துவிட்டேன். கீபோர்டு வாசிக்கிற தம்பி, “அக்கா, ஒரு கட்டை இறக்கி வாசிக்கிறேன், யாருக்கும் தெரியாது” என்று ரிகர்சலில் எல்லார் முன்னாலும் சொன்னான். எனக்கு அவமானமாகப் போய்விட்டது. அன்றிலிருந்து அவனோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை. இப்போது கிளப் பாட்டுகளை 24 வயதுப் பெண்ணுக்குக் கொடுத்துவிட்டு எனக்கு இரண்டு அம்மன் பாட்டு மட்டும் தருகிறார்கள். மகன், “போதும்மா, பேரன் எடுத்தாச்சு” என்கிறான். போன வாரம் போனில் ஒரு வீடியோ வந்தது. வெள்ளைக்கார அம்மா, எண்பதுக்கு மேல் இருக்கும், நாற்காலியில் உட்கார்ந்தபடி பாடுகிறார். கேபரே பாடகி பார்பரா குக் என்று போட்டிருந்தது. ஒரு வார்த்தை புரியவில்லை, ஆனால் அழுதுவிட்டேன். அந்த வயதிலும் அந்த அம்மாவுக்குக் குரல் எப்படி நின்றது? தொண்டையில் போடுகிற ஊசி ஒன்று இருக்கிறதாமே, போட்டால் என் பழைய குரல் வருமா? இல்லை, நிறுத்திவிடலாமா?

பெயர் வேண்டாம், தஞ்சாவூர் பக்கம்.

பதில்:

அன்புள்ள அக்கா,

முதலில் ஒரு திருத்தம். நான் டாக்டர் இல்லை, குரல் சிகிச்சையாளர். தொண்டைக்குள் கேமராவை விட்டுப் பார்த்து இன்ன கோளாறு என்று சொல்வது காது மூக்கு தொண்டை மருத்துவரின் வேலை. அவர் பார்த்து அனுப்பிய பிறகு, இருக்கிற குரலை வைத்து எப்படிப் பிழைப்பது என்று சொல்லித் தருவது என் வேலை. ஆசிரியர்கள், பஸ் கண்டக்டர்கள், ஓதுவார்கள், ஏலம் கூறுகிறவர்கள் என்று தொண்டையை வைத்துச் சோறு தின்கிறவர்கள் எல்லாரும் என்னிடம் வருவார்கள். மேடைப் பாடகிகள் மட்டும் கடைசியில் வருவார்கள், அதுவும் முக்கால்வாசி கெடுத்துக்கொண்ட பிறகு.

கோபித்துக்கொள்ளாதீர்கள், இரண்டு வருஷம் சித்தரத்தையை மென்றுகொண்டு இருந்திருக்கிறீர்கள். நாம் விழுங்குவது எதுவும் குரல் நாண்களின் மேல் படுவதே இல்லை. அது பின்பக்கமாக உணவுக்குழாயில் இறங்கிவிடுகிறது. ஒரு சொட்டு பட்டால்கூடப் புரையேறி இருமித் தள்ளிவிடுவீர்கள். பனங்கற்கண்டு நாக்குக்கு இதம், தொண்டைக்கு ஒரு ஆறுதல், அவ்வளவுதான். குரல் கம்மல் மூன்று வாரத்துக்கு மேல் நின்றால் ஒரு முறை கேமரா வைத்துப் பார்த்தே ஆக வேண்டும். உங்களுக்கு இருப்பது பெரும்பாலும் தேய்மானம், வீக்கம், ஒருவேளை சின்னக் காய்ப்பு என்றுதான் நினைக்கிறேன். ஆனாலும் உள்ளே வேறு வளர்ச்சி எதுவும் இல்லை என்று கண்ணால் பார்த்துத்தான் தீர்மானிக்க முடியும், கடிதத்தில் முடியாது. தஞ்சாவூரில் அரசு மருத்துவக் கல்லூரியே இருக்கிறது. இந்த மாதமே போங்கள். ஸ்ட்ரோபோஸ்கோப்பி செய்யும் வசதி எங்கே இருக்கிறது என்று அங்கேயே கேளுங்கள். நாண்கள் அதிர்வதை மெதுவாக ஓடும் படம் போலக் காட்டுகிற சோதனை அது. பாடுகிறவர்களுக்கு அதைப் பார்க்காமல் எதையும் முடிவு செய்யக் கூடாது.

இனி அந்த வெள்ளைக்கார அம்மாவுக்கு வருகிறேன். குரல் எப்படி நின்றது என்று கேட்டிருக்கிறீர்கள். நிற்கவில்லை அக்கா.

எனக்கு அவர் அறிமுகமானதே பாடத்தில்தான். பயிற்சிக் காலத்தில் எங்கள் ஆசிரியை ஒருநாள் இரண்டு ஒலிப்பதிவுகளைப் போட்டுவிட்டு, “இரண்டு பேருக்கும் என்ன வயது இருக்கும்?” என்றார். முதல் குரல் வெள்ளிக் கம்பி மாதிரி, எங்கேயோ உச்சாணியில் நின்று சிரித்தது. இரண்டாவது குரல் அகலமாக, கொஞ்சம் மணல் கலந்ததுபோல, பக்கத்தில் உட்கார்ந்து ரகசியம் சொல்வதுபோல இருந்தது. ஒருத்திக்கு இருபத்தெட்டு, இன்னொருத்திக்கு எழுபது என்று எழுதினோம். வயது ஏறக்குறையச் சரி. ஆனால் இரண்டு பேர் என்று நினைத்ததுதான் தப்பு, இரண்டும் பார்பரா குக்.

1927-ல் அமெரிக்காவின் தெற்குப் பக்கம், அட்லாண்டாவில் பிறந்தவர். அப்பா ஊர் ஊராகப் போய்த் தொப்பி விற்றவர், அம்மா டெலிபோன் ஆபரேட்டர். 1948-ல் அம்மாவோடு நியூயார்க்கைச் சுற்றிப் பார்க்க வந்தவர், அம்மாவை மட்டும் ஊருக்கு ரயிலேற்றிவிட்டு அங்கேயே தங்கிவிட்டார். 1951-ல் பிராட்வே மேடை ஏறினார். பிராட்வே என்பது பாட்டும் வசனமுமாக நடக்கும் இசை நாடகங்களின் தெரு. நம் ஸ்பெஷல் நாடகக்காரர்கள் சீசனில் படும் பாடு போல, அங்கே வாரத்துக்கு எட்டுக் காட்சி, வருஷம் முழுக்க. 1956-ல் லெனர்ட் பெர்ன்ஸ்டைன் இசையமைத்த ‘கேண்டீட்’ நாடகத்தில் ஒரு பாட்டு. ஆர்மோனியத்தின் நடு ஒன்றாம் கட்டையிலிருந்து இரண்டு ஸ்தாயி ஏறி, அதற்கும் மேலே இரண்டரைக் கட்டையைப் போய்த் தொட வேண்டும். ஒரு தடவை தொட்டுவிட்டு இறங்குகிற பாட்டும் இல்லை, திரும்பத் திரும்பப் போக வேண்டும். கீபோர்டு தம்பியோடு பேச்சு வார்த்தை இருந்தால் வாசித்துக் காட்டச் சொல்லுங்கள், காது கூசும். ஆபெரா என்கிற மேற்கத்திய சங்கீத நாடகத்தில் பாடுகிறவர்களே தண்ணீர் குடித்துவிட்டுப் போகிற இடம் அது. நாடகம் 73 காட்சியோடு படுத்துவிட்டது, அந்தப் பாட்டு மட்டும் நிலைத்தது. அடுத்த வருஷமே ‘த மியூசிக் மேன்’. 1,375 காட்சிகள் ஓடிய நாடகம் அது, அதில் நூலகப் பெண்ணாக நடித்ததற்கு, பிராட்வே நாடகங்களுக்குத் தருகிற டோனி விருது கிடைத்தது. 1963-ல் ‘ஷீ லவ்ஸ் மீ’. அதில் அவர் ஐஸ்கிரீமைப் பற்றிப் பாடுகிற பாட்டைக் கடைசிவரை ரசிகர்கள் கேட்டுக்கொண்டே இருந்தார்கள்.

அதோடு முதல் ஆட்டம் முடிந்தது. இளம்பெண் வேஷத்துக்கு வயது தாண்டிவிட்டது. உடம்பு பெருத்தது. திருமணம் 1965-ல் முறிந்தது. 1971-ல் நடித்த நாடகம் ஏழே காட்சியில் மூடப்பட்டது. குடி, மனச்சோர்வு, கையில் காசில்லை. பிராட்வேயின் செல்லக் குழந்தையாக இருந்தவரை யாரும் கூப்பிடவில்லை. இதையெல்லாம் அவரே பின்னாளில் ஒளிவு மறைவில்லாமல் எழுதிவைத்திருக்கிறார். உங்களுக்குக் கிளப் பாட்டுகள் போய் இரண்டு அம்மன் பாட்டு மிஞ்சியிருக்கிறது. அவருக்கு அதுவும் மிஞ்சவில்லை.

1974-ல், நாற்பத்தாறு வயதில், வாலி ஹார்ப்பர் என்ற பியானோக்காரரைச் சந்தித்தார். அவரைவிடப் பதினான்கு வயது இளையவர். இரண்டு பேரும் சேர்ந்து ஒரு சின்ன கிளப்பில் பாட ஆரம்பித்தார்கள். 1975 ஜனவரி 26 அன்று நியூயார்க்கின் புகழ்பெற்ற அரங்கமான கார்னகி ஹாலில் கச்சேரி. அதிலிருந்து இன்னொரு வாழ்க்கை. ஒன்று கவனியுங்கள், கார்னகி ஹாலில் கைதட்டல் வாங்கிய அன்றும் குடி விடவில்லை, அதை விட்டது 1977-ல். மேடை வாழ்க்கை ஒரே நாளில் திரும்பிவிட்டது, ஆள் திரும்ப இன்னும் இரண்டு வருஷம் ஆனது. 2004-ல் ஹார்ப்பர் இறக்கும்வரை முப்பது வருஷம் அந்த ஜோடி பிரியவில்லை.

அந்த முப்பது வருஷத்தில் நடந்ததுதான் உங்களுக்கு வேண்டிய பாடம். குரல் வயதுக்கேற்ப இறங்க இறங்க, பாட்டின் ஸ்கேலும் கூடவே இறங்கியது. 1956-ன் அந்த உச்சாணிப் பாட்டைத் தலையில் சுமந்துகொண்டு அவர் ஊர் ஊராகத் திரியவில்லை. இருந்த குரலுக்குப் பாட்டைத் தைத்துக் கொடுக்க ஒரு ஆள் பக்கத்தில் இருந்தார். எங்கே மூச்சு எடுக்க வேண்டுமோ அங்கே பியானோ காத்திருக்கும். எங்கே குரல் மெலியுமோ அங்கே வாத்தியமும் மெலியும். மிச்சமிருந்த சக்தியை எல்லாம் அவர் சொல்லில் போட்டார். மாணவர்களுக்கு வகுப்பு எடுக்கும்போதும் இதையேதான் விதவிதமாகச் சொல்வார்: குரலைக் காட்டாதே, உனக்குள் இருப்பதைச் சொல், அது போதும். உங்களுக்கு ஒரு வார்த்தை புரியாமலே அழுகை வந்ததற்குக் காரணம் இதுதான் என்பேன்.

திருவிழாவில் ஆயிரம் பேரின் சத்தத்தைத் தாண்டிக் கத்த வேண்டிய வேலையில் இது முடியாது என்று நீங்கள் சொல்லலாம். நியாயம். கேபரே என்றால் நமக்குப் பழைய படத்து வில்லன் கூடாரமும், சுழல் விளக்கும், ஜிகினா உடையும்தான் ஞாபகம் வருகின்றன. அந்த ஊரில் அதன் பொருள் வேறு. சின்ன அறை, மேசைகள், ஒரு பியானோ, ஒரு பாடகி. நியூயார்க்கில் கார்லைல் ஹோட்டலின் கஃபே கார்லைல் அப்படிப்பட்ட இடம்தான், நூறு பேர் வந்தால் மூச்சு முட்டும். நாடக அரங்கை நிரப்பிய குரல் சுருங்கும்போது, அந்தக் குரலுக்கு அளவான அறையைத் தேடிப் போய்விடுகிறார்கள். இருந்தாலும் பார்பரா குக்கிடம் ஒரு குறும்பு உண்டு. பெரிய அரங்கிலும் கடைசிப் பாட்டுக்கு மைக்கை ஓரமாக வைத்துவிட்டு வெறும் குரலில் பாடுவார். ஊசி விழுந்தால் கேட்கும் அமைதியில் பாடினால் சின்னக் குரலும் கடைசி வரிசைக்குப் போகும் என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

நாற்காலியைப் பார்த்து உங்களுக்கு மனசு கலங்கியதாகத் தோன்றுகிறது. அந்த உலகத்தில் நாற்காலி தோல்விக்கு அடையாளம் கிடையாது. மேபல் மெர்சர் என்று ஒருவர், 1900-ல் இங்கிலாந்தில் பிறந்து பாரிஸ் கிளப்புகளில் பாடி, பிறகு நியூயார்க்கில் நிலைத்தவர். நேர் முதுகு நாற்காலியில் உட்கார்ந்து பாடுவதையே தன் பாணியாக்கிக்கொண்டார். கடைசிக் காலத்தில் அவர் பாடியது பாதி பேச்சு மாதிரிதான் இருக்கும். ஃபிராங்க் சினாட்ரா போன்ற பெரிய அமெரிக்கப் பாடகரே வரியை எப்படிப் பிரித்துப் பாடுவது என்பதை அவரிடம் கற்றதாகச் சொல்லியிருக்கிறார். அதுவும் போகட்டும், நம் கர்நாடக சங்கீத வித்வான்கள் எல்லாரும் உட்கார்ந்துதானே பாடுகிறார்கள்? மெல்லிசைக்காரி மட்டும் நிற்க வேண்டும் என்று யார் எழுதிவைத்தது?

இப்போது உங்கள் தொண்டைக்குள் என்ன நடக்கிறது என்று சொல்கிறேன். பெண்ணின் குரல் நாண் ஒரு சென்டிமீட்டருக்குக் கொஞ்சம் மேல் நீளம். சாதாரணமாகப் பேசும்போதே நொடிக்கு ஏறக்குறைய 200 தடவை இரண்டு நாண்களும் மோதிப் பிரிகின்றன. மேலே பாட அவற்றை மெல்லியதாக இழுத்துப் பிடிக்க வேண்டும், மோதலும் பல மடங்கு கூடும். மாதவிடாய் நின்ற பிறகு ஹார்மோன் குறைவதால் நாண்கள் கொஞ்சம் தடித்துவிடுகின்றன, ஈரமும் குறைகிறது. தடித்த தந்தி கீழே இறங்கித்தானே ஒலிக்கும்? வயதாக ஆக ஆணின் குரல் கொஞ்சம் ஏறும், பெண்ணின் குரல் இறங்கும். இது நோய் இல்லை. நோயாக மாறுவது எப்போது என்றால், இறங்கிவிட்ட குரலைப் பழைய ஸ்கேலுக்கு இழுத்து இரவு முழுக்க இருபது பாட்டு பாடும்போது. உடைகிற இடத்தில் இன்னும் அழுத்துவீர்கள், அழுத்திய இடம் வீங்கும், மறுநாள் காற்று. உங்கள் கடிதத்தில் இருக்கும் வரிசை அதேதான்.

“ஒரிஜினல் ஸ்கேல்” என்கிறீர்கள். அந்தப் பாட்டுகளைப் பதிவு செய்தபோது எல்.ஆர்.ஈஸ்வரி இருபதுகளிலும் முப்பதுகளிலும் இருந்தார். மூடிய ஸ்டூடியோ, நல்ல மைக், ரிகர்சல் பார்த்துவிட்டு ஒரு பாட்டு. திருவிழாப் பொட்டலில், ஜெனரேட்டர் புகையில், பதினோரு மணிக்கு, ஐம்பத்தேழு வயதில், அதே ஸ்கேலில் நீங்கள் பாடித்தான் ஆக வேண்டும் என்று அந்த அம்மாவே கேட்கமாட்டார்.

ஊசி விஷயம். அப்படி ஒன்று இருக்கிறது, உண்மைதான். குரல் நாண்கள் மெலிந்தோ, ஒன்று செயலிழந்தோ நடுவில் இடைவெளி விழுந்து காற்று ஒழுகினால், அதை நிரப்ப ஜெல் போன்ற பொருளைச் செலுத்துவார்கள். சில மாதங்களில் கரைந்துவிடும் வகையும் உண்டு. இடைவெளி இருப்பவருக்கு அது வரம். தடித்துப்போன நாணுக்கு அதில் ஒன்றும் இல்லை, மேல் ஸ்தாயியைத் திருப்பித் தரவும் அதனால் முடியாது. உங்களுக்கு எது என்று கேமரா சொல்லும். அதற்கு முன்னால் யாராவது ஊசி, ஆபரேஷன் என்று தேதி குறித்தால், இன்னொரு மருத்துவரிடம் கேட்காமல் சம்மதிக்காதீர்கள். ஜூலி ஆண்ட்ரூஸ் என்ற உலகப் புகழ் பெற்ற பாடகி 1997-ல் தொண்டை அறுவை சிகிச்சை செய்துகொண்டார், அவருடைய பாட்டுக் குரல் திரும்பவே இல்லை. ஆபரேஷன் எல்லாமே ஆபத்து என்று இதற்கு அர்த்தம் இல்லை, பலருக்கு அதனால் தொழிலே திரும்பக் கிடைத்திருக்கிறது. அவசரப்பட வேண்டாம் என்கிறேன்.

நிறுத்திவிடலாமா என்ற கேள்விக்கு நான் பதில் சொல்லப் போவதில்லை. ஆல்பர்ட்டா ஹன்டர் கதையை மட்டும் சொல்கிறேன், எனக்குப் பிடித்த கதை. 1895-ல் மெம்ஃபிஸில் பிறந்த கறுப்பினப் பாடகி. சிக்காகோ கிளப்புகளில் ஆரம்பித்து 1928-ல் லண்டன் டிரூரி லேன் அரங்கில் புகழ்பெற்ற பாடகர் பால் ரோப்சனோடு நடித்த அளவுக்குப் பெரிய ஆள். 1950-களில் அம்மா இறந்ததும் பாட்டை அப்படியே விட்டுவிட்டு நர்ஸ் வேலைக்குப் படித்தார். அறுபதைத் தொட்ட கிழவியை யார் சேர்ப்பார்கள்? வயதில் பன்னிரண்டைக் குறைத்துச் சொல்லிவிட்டார். நியூயார்க் ஆஸ்பத்திரி ஒன்றில் இருபது வருஷம் வேலை பார்த்தார். 1977-ல், எழுபது வயதாகிவிட்டது என்று சொல்லி ஓய்வு கொடுத்து அனுப்பினார்கள். உண்மையான வயது 82. அந்த வருஷமே நியூயார்க்கின் கிரீனிச் வில்லேஜ் பகுதியில் ‘த குக்கரி’ என்ற உணவகத்தில் இரண்டு வாரம் பாட அழைத்தார்கள். அந்த இரண்டு வாரம் ஆறு வருஷத்துக்கு மேல் நீண்டது, 1984-ல் சாகும் வருஷம்வரை பாடினார். இருபது வருஷம் கத்தாமல் இருந்ததே அந்தத் தொண்டையைக் காப்பாற்றியிருக்கும் என்பது என் ஊகம். வயதைக் குறைத்துச் சொல்லுங்கள் என்று நான் யோசனை கூறியதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். நிறுத்துவது என்பது பூட்டு போட்டுச் சாவியைக் கிணற்றில் எறிகிற காரியம் இல்லை என்பதற்காகச் சொன்னேன். ஆறு மாதம் ஓய்வு எடுத்துவிட்டு, சிகிச்சை பார்த்துவிட்டு, அப்புறம் முடிவு செய்யலாம். மேரிலின் மே என்று இன்னொருவர், 1928-ல் பிறந்தவர். 2023-ல் 94 வயதில் கார்னகி ஹாலில் தனிக் கச்சேரி செய்தார்.

கிளப் பாட்டை விட்டு அம்மன் பாட்டுக்குத் தள்ளிவிட்டார்கள் என்பதை ஒரு பதவி இறக்கம் போல எழுதியிருக்கிறீர்கள். படத்தில் கிளப் பாட்டு என்றால் ஈஸ்வரி, ஆடி மாதம் கூழ் ஊற்றுகிற தெருவில் மாரியம்மன் பாட்டு என்றாலும் ஈஸ்வரி. ஒரே தொண்டை. இரண்டுக்கும் நடுவில் கோடு போட்டது ஊர்தான், பாடியவர் போடவில்லை. ஆகவே அந்த இரண்டு பாட்டையும் வெறுப்போடு பாடாதீர்கள். அவற்றில்தான் உங்கள் புதுக் குரல் எங்கே உட்கார்கிறது என்று கண்டுபிடிக்கப் போகிறீர்கள்.

இறங்கிய குரல் என்றால் இளப்பமான குரல் என்ற நினைப்பும் இருந்தால் உஷா உதுப்பை நினைத்துக்கொள்ளுங்கள். பம்பாயில் தமிழ்க் குடும்பத்தில் 1947-ல் பிறந்தவர். குரல் கனமாக இருக்கிறதென்று பள்ளிக்கூடப் பாட்டு வகுப்பிலேயே சேர்த்துக்கொள்ளவில்லை. 1969-ல் சென்னை மவுண்ட் ரோட்டில் சஃபையர் தியேட்டர் அடித்தளத்தில் இருந்த ‘நைன் ஜெம்ஸ்’ நைட் கிளப்பில், பட்டுப்புடவையும் பொட்டுமாக ஏறிப் பாட ஆரம்பித்தார். பிறகு கல்கத்தா பார்க் தெருவில் ‘டிரிங்காஸ்’. 2024-ல் பத்மபூஷண். கிளப்பில் பாடியவர் என்று யாரும் அதை நிறுத்தி வைக்கவில்லை. அவர் எந்தக் காலத்திலும் இன்னொருத்தியின் ஸ்கேலைத் தேடிப் போனதில்லை, தன் குரல் எங்கே இருக்கிறதோ அங்கேயே பாட்டை வரவழைத்தார்.

மருத்துவரைப் பார்க்கும்வரை செய்ய வேண்டியவை கொஞ்சம் இருக்கின்றன. இரண்டு வாரம் உச்சத்தில் பாட வேண்டாம். ரகசியக் குரலில் கிசுகிசுக்கவும் வேண்டாம். அது ஓய்வு என்று எல்லாரும் நினைக்கிறார்கள், பலருக்கு அது தொண்டையை இன்னும் இறுக்கத்தான் செய்யும். மெதுவாக, சாதாரணமாகப் பேசுங்கள். தொண்டையைக் ‘க்கும்’ என்று செருமுவதை விடுங்கள், வந்தால் ஒரு வாய் தண்ணீர் குடித்து விழுங்குங்கள். அரை டம்ளர் தண்ணீரில் ஒரு ஸ்ட்ராவை இரண்டு விரல் ஆழத்துக்கு விட்டு, அதற்குள் ‘ஊ’ என்று பாடுங்கள். குமிழி வர வேண்டும், கன்னம் தளர்ந்திருக்க வேண்டும். கீழிருந்து மேலே, மேலிருந்து கீழே, சறுக்குமரம் மாதிரி. ஒரு தடவைக்கு மூன்று நிமிஷம், நாளைக்கு நாலைந்து தடவை. பேரனுக்கு வேடிக்கையாக இருக்கும், அவனையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஸ்ட்ராவில் முட்டித் திரும்பும் காற்று நாண்களை மெத்தென்று பிரித்து வைப்பதால் அவை அடிபடாமல் அதிரப் பழகும். வலித்தால் நிறுத்திவிடுங்கள்.

கச்சேரி முடிந்து ஒரு மணிக்குப் பரோட்டா சால்னா தின்றுவிட்டு வேனில் சாய்ந்து தூங்குகிற பழக்கம் உங்கள் குழுவிலும் இருக்கும் என்று நினைக்கிறேன். படுத்ததும் இரைப்பை அமிலம் மேலே ஏறி நாண்களைச் சுடும். காலையில் தொண்டையில் கட்டி மாதிரி உறுத்தினால் அதுதான். சாப்பாட்டைக் கச்சேரிக்கு முன்னால் முடித்துக்கொள்ளுங்கள். மேடையில் உங்கள் பக்கம் ஒரு மானிட்டர் ஸ்பீக்கரைத் திருப்பி வைக்கச் சொல்லிச் சண்டை போடுங்கள். தன் குரல் காதில் விழாதவள்தான் கத்துகிறாள். ஆஸ்துமாவுக்குப் பம்ப் எடுப்பவராக இருந்தால் ஒவ்வொரு தடவையும் வாய் கொப்பளிக்க வேண்டும், மருத்துவரிடமும் மறக்காமல் சொல்லுங்கள்.

மகனிடம் சண்டை வேண்டாம். அவர் கண்ணுக்குத் தெரிவது மறுநாள் காலையில் பேச முடியாமல் தவிக்கிற அம்மா, மேடையில் இருக்கிற அம்மாவை அவர் கடைசியாக எப்போது பார்த்தார் என்று எனக்குத் தெரியாது.

பார்பரா குக்கின் கதையில் மிச்சத்தைச் சொல்லிவிடுகிறேன். ஹார்ப்பர் இறந்த பிறகும் அவர் நிறுத்தவில்லை. 2006-ல், 78 வயதில், மெட்ரோபாலிடன் ஆபெரா அவருக்குத் தனிக் கச்சேரி நடத்தியது. அந்த நிறுவனம் ஆபெரா அல்லாத ஒரு பாடகிக்கு அப்படிச் செய்தது அதுவே முதல் முறை. 2010-ல் 82 வயதில், 1971-க்குப் பிறகு முதல் தடவையாக ஒரு பிராட்வே இசை நிகழ்ச்சியில் நடித்தார், டோனி பரிந்துரையும் வாங்கினார். ஓய்வு என்று அறிவித்தது 2017-ல்தான், அந்த ஆகஸ்ட்டில் 89 வயதில் இறந்துபோனார். பிராட்வே அரங்குகள் ஒரு நிமிஷம் வாசல் விளக்குகளை அணைத்தன. கடைசியாக அவர் சாப்பிட்டது வெனிலா ஐஸ்கிரீம் என்று குடும்பத்தார் சொன்னார்கள்.

இனி அந்தக் கீபோர்டு தம்பி. எல்லார் முன்னாலும் சொன்னது அவன் தப்பு, தனியாகச் சொல்லியிருக்க வேண்டும். ஆனால் உங்கள் கடிதத்தில் அதற்கு முந்தின வரியையும் பாருங்கள், “ஒரு கட்டை இறக்கி வாசிக்கிறேன்” என்று அவன் சொன்னான். குழுவில் மற்றவர்கள் எல்லாரும் உங்கள் பாட்டை எடுத்து வேறு ஆளிடம் கொடுத்தார்கள். பாட்டை உங்களிடமே விட்டுவைத்து, அதை உங்களுக்கேற்ப மாற்றித் தருகிறேன் என்றது அவன் ஒருவன்தான். ட்ரான்ஸ்போஸ் பட்டனை இரண்டு தடவை அமுக்கினால் ஒரு கட்டை இறங்கிவிடும். கிட்டார்காரருக்கும் பேஸ்காரருக்கும் கொஞ்சம் வேலை, அவ்வளவுதான். அந்த ஸ்கேலில் உங்களுக்கு ஒன்றிரண்டு கிளப் பாட்டு மட்டும், நிகழ்ச்சியின் முன்பாதியிலேயே, தொண்டை களைப்பதற்குள் கொடுக்கச் சொல்லிக் குழு நடத்துகிறவரிடம் அவனையே பேசச் சொல்லலாம்.

மருத்துவரிடம் கச்சேரிக்கு மறுநாள் காலையில் போங்கள். நன்றாக இருக்கிற நாளில் போனால் தொண்டை பொய் சொல்லும். அவர் எழுதித் தருகிற அறிக்கையோடு உங்கள் ஊரில் குரல் சிகிச்சையாளர் ஒருவரைப் பாருங்கள். என்னிடமே வருவதானாலும் சரி, தம்பியைக் கூட்டிக்கொண்டு வாருங்கள், கீபோர்டையும் எடுத்துவரச் சொல்லுங்கள்.